முதல் பக்கம் யாருக்கு

பிப்ரவரி 9

அக்கா,

இசைத்தட்டு ஆலையிலேருந்து மாதிரித் தட்டு வந்துடுச்சு. இந்தப் பெட்டியிலேயே வெச்சிருக்கேன். ரெண்டு அட்டைக்கு நடுவுல துணி சுத்தியிருக்கு, பிரிக்கும்போது கத்தரிக்கோல ஆழமா விட்டுடாத.

ஃபோன்லயே சொல்லியிருக்கலாம். ஆனா நவம்பர்லேருந்து நாம ஃபோன்ல பேசினது நாலு தடவை, நாலுலயும் யாரோ ஒருத்தர் பாதியில வெச்சுட்டோம். கடிதம்னா ஒட்டறதுக்கு முன்னாடி ஒரு தடவையாவது திருப்பிப் படிப்போம்.

விதி நீ போட்டதுதான். ரெக்கார்டிங் நடக்கும்போது கூட இருந்தவன் மாதிரித் தட்டுக்குத் தீர்ப்பு சொல்லக் கூடாது, அவன் காதுல ஞாபகம்தான் கேக்கும். அதனால நான் ஊசியே வைக்கல. லேபிள் இடத்துல வெறும் வெள்ளைக் காகிதம், பென்சில்ல 1, 2னு மட்டும் இருக்கும். ரெண்டு பக்கமும் தனிக் கிளாரினெட். ஒண்ணு நம்ம ஹாரன் அண்ணன். இருபத்தேழு வருஷமா பள்ளிக்கூட பஸ் ஓட்டுறாரே, நீ ஊரை விட்டுப் போனப்பறம் நம்மகிட்ட வந்தவரு, அவரு. இன்னொண்ணு விருந்தாளி அம்மா. எங்கேயோ கச்சேரிக்குப் போற வழியில ஒரு மத்தியானம் நாம ரெக்கார்டிங் பண்ற மாடிப் படிக்கட்டுல உக்காந்து வாசிச்சுட்டுப் போனாங்க. அவங்க நாட்டுல பேர் சொன்னா தெரியும்.

யாருக்கு முதல் பக்கம்ங்கிறதப் பத்தி இனிமே பேச வேணாம். நான் முடிவு பண்ணி ஆலைக்கு அனுப்பியாச்சு. லேபிள்ல வர்ற எழுத்து எப்பவும்போல உன் வேலை. நேரா அச்சகத்துக்கு அனுப்பிடு, அவங்க ஆலைக்குக் குடுத்துடுவாங்க. எங்கிட்ட காட்ட வேணாம். காட்டினா நான் ஒண்ணு சொல்லுவேன், நீ ஒண்ணு சொல்லுவ.

மாமாவக் கேட்டதா சொல்லு.

தம்பி


பிப்ரவரி 17

தம்பி,

தட்டு உடையாமல் வந்தது. சுற்றியிருந்தது உன் பழைய சட்டை என்று பிரித்ததுமே தெரிந்தது. பொத்தான்களை எடுத்துவிட்டுச் சுற்றியிருக்கலாம், அட்டையில் தடம் விழுந்திருக்கிறது. நல்லவேளை, தட்டில் விழவில்லை.

மூன்று நாளில் மூன்று முறை கேட்டேன். தீர்ப்பில் பெயர் எழுதக் கூடாது, பக்கத்தை மட்டுமே சொல்ல வேண்டும் என்பதும் நான் போட்ட விதி. வகுப்பில் புள்ளியியல் சொல்லிக்கொடுப்பவள் வீட்டில் அதை மீறக் கூடாது.

முதல் பக்கத்தில் ஒலிக்குறை எதுவும் இல்லை. வாசிப்பில் துணிச்சல் அதிகம். ஓரிடத்தில் அது காட்டிக்கொள்கிற துணிச்சலாக ஆகிவிடுகிறது. மூச்சு இழுப்பது பக்கத்தில் உட்கார்ந்திருப்பவர் இழுப்பது போலக் கேட்கிறது. நீளமான ஒவ்வொரு வரியும் முடியும்போது தரையில் தொம்மென்று ஒரு சத்தம். உன் மாமா செய்தித்தாளிலிருந்து தலையைத் தூக்காமலே, யாரோ பிரேக் போடுகிற மாதிரி இருக்கிறதே என்றார். அவருக்கு இசையும் தெரியாது, வண்டியும் ஓட்டத் தெரியாது. அது ஒரு பாணி என்று எடுத்துக்கொள்கிறேன். நீக்க வேண்டாம்.

இரண்டாம் பக்கத்தில் அலட்டலே இல்லை. மூச்சு வாங்குவதுகூடத் தெரியவில்லை. நான்காவது நிமிடத்தில், படிக்கட்டின் எதிரொலி அடங்கும்வரை காத்திருந்து அடுத்த வரியைத் தொடங்குகிற ஓர் இடம் வருகிறது. நாள் தவறாமல் உழைத்த கைக்குத்தான் அந்தப் பொறுமை வரும்.

இரண்டையும் வெளியிடலாம். கையெழுத்திட்ட சீட்டு உள்ளே இருக்கிறது.

முதல் பக்கம் பற்றிப் பேச வேண்டாம் என்கிறாய், சரி. பெயர் தெரிந்தவர் முன்னால் இருந்தால்தான் தட்டைக் கையிலேயே எடுப்பார்கள் என்று நீ சொன்னாய். நம் ஆளைப் பின்பக்கம் வைத்தால் யாரும் புரட்டிக்கூடப் பார்க்க மாட்டார்கள் என்று நான் சொன்னேன். அதோடு நிறுத்தியிருக்கலாம். வெளிநாட்டுக்காரர் தும்மினாலும் நீ தட்டுப் போடுவாய் என்று நான் சொன்னது அதிகம். லேபிள் எழுத்து இன்று அச்சகத்துக்குப் போய்விட்டது.

அக்கா


ஏப்ரல் 2

அக்கா,

முந்நூறு தட்டு வந்ததுல நூத்தித்தொண்ணூறு போயிடுச்சு. கீழ இருக்குற கண்ணாடிக்கடைக்காரர், 'உங்க பெட்டிங்க இல்லாம படியில நடக்க முடியுது, என்ன விசேஷம்'னு கேட்டாரு. பதிமூணு வருஷத்துல அவரு நம்மகிட்ட இப்படிப் பேசினது இதுதான் முதல் தடவை.

விருந்தாளி அம்மா நாட்டு வானொலியில முதல் பக்கத்த முழுசாப் போட்டாங்களாம். அந்த அம்மா இருபது வருஷத்துல இப்படி வாசிச்சதில்ல, இந்த வயசுல அவங்களுக்குப் புது மூச்சு வந்திருக்குனு அறிவிப்பாளர் சொன்னாராம். ரெண்டாம் பக்கத்துக்கு ஒரே ஒரு வரி. 'பின்பக்கத்தில் உள்ளூர்ப் பேருந்து ஓட்டுநர் ஒருவர் ஆர்வத்துடன் முயன்றிருக்கிறார்.' அந்த 'ஆர்வத்துடன்'ல உன் மூஞ்சி எப்படிப் போகும்னு எனக்குத் தெரியும். எனக்கும் அப்படித்தான் போச்சு.

எழுத வந்தது அது இல்ல. ஹாரன் அண்ணன் மூணு வாரமா வரல. ஞாயித்துக்கிழமை தவறாம வந்து, படிக்கட்டுல ரெண்டாவது வளைவுல உக்காந்து வாசிச்சுட்டுப் போறவரு. போன வாரம் அவருகிட்ட இருந்த நம்ம ரூம் சாவியக் கீழ கண்ணாடிக்கடையில குடுத்துட்டுப் போயிட்டாரு. மாடிக்குக்கூட வரல. ஃபோன் பண்ணினா, ஷிப்ட் மாத்திட்டாங்க தம்பிங்கிறாரு. பள்ளிக்கூட பஸ்ஸுக்கு ஞாயித்துக்கிழமை என்ன ஷிப்ட்டு?

அடுத்த தட்டு முழுசா அவரோடதுதான்னு சொல்லியிருந்தேன், ஜூன்ல ரெக்கார்டிங். அதப் பத்திப் பேச்செடுத்தா, வேற யாரையாவது பாருங்கங்கிறாரு. வாத்தியத்தையே மூடி வெச்சுட்டாரோனு பயமா இருக்கு. வானொலி சொன்னது அவரு காதுக்குப் போயிருக்கும்னு நெனக்கிறேன். நான் என்ன சொல்லட்டும்?

தம்பி


ஏப்ரல் 9

தம்பி,

வானொலிக்காரர்கள் உறையைப் பார்த்துவிட்டுத்தான் காதைத் தீட்டுவார்கள். எனக்கு இதில் ஆச்சரியம் இல்லை. நான் நவம்பரிலேயே சொன்னேன் என்று எழுத நினைத்தேன், எழுதவில்லை என்று வைத்துக்கொள்.

ஃபோனில் கேட்காதே. வீட்டுக்கும் போகாதே, வீட்டில் அவர் உனக்கு உட்கார நாற்காலி போட்டு உபசரித்தே பேச்சை மூடிவிடுவார். பிள்ளைகளை இறக்கிவிட்டு வண்டியைக் கழுவுகிற நேரத்தில் ஷெட்டுக்குப் போ. கையில் வேலை இருக்கும்போது மனிதர்கள் கொஞ்சம் உண்மை பேசுவார்கள்.

அவருக்கு ஒரு சீட்டு வைத்திருக்கிறேன். நான் முன்பின் தெரியாதவர்களுக்குப் பாராட்டு எழுதுகிற பழக்கம் உள்ளவள் அல்ல என்பது உனக்குத் தெரியும், அவருக்கும் சொல். ஒட்டாமல்தான் வைத்திருக்கிறேன், நீயும் படிக்கலாம்.

அக்கா


ஏப்ரல் 16

அக்கா,

உக்காந்து படி.

உன் சீட்ட நான் படிக்கல. அவருக்கு எழுதினத நான் எதுக்குப் படிக்கணும்னு அப்படியே குடுத்துட்டேன். நீ சொன்ன நேரத்துக்குத்தான் போனேன். பஸ்ஸோட பின் கண்ணாடியத் தொடச்சுக்கிட்டிருந்தாரு. கையத் துடைச்சுட்டு வாங்கி, ஒரு தடவை மனசுக்குள்ள படிச்சாரு. அப்புறம் எனக்குக் கேக்குற மாதிரி படிச்சாரு. 'உங்கள் பக்கத்தை நான்கு முறை கேட்டேன். நீங்கள் மூச்சு வாங்குவதே தெரியவில்லை. அந்த நிதானம் வருடக்கணக்கான உழைப்பு.'

மடிச்சு சட்டைப் பையில வெச்சுக்கிட்டு, 'தம்பி, நான் மூச்சு வாங்கினா ரெண்டு தெருவுக்குக் கேக்கும். உங்க அக்கா யாரைப் பாராட்டுறாங்க?'னு கேட்டாரு.

அவரே வாளியக் கவுத்துப் போட்டு அதுல உக்காந்து சொன்னாரு. தட்டு கைக்கு வந்த அன்னிக்கே வீட்டுல போட்டுப் பாத்திருக்காரு. அவரு பேர் போட்ட பக்கத்துல அந்த அம்மா வாசிக்கிறாங்க. அந்த அம்மா பேர் போட்ட பக்கத்துல இவரு. பேத்தி, 'தாத்தா, இது உன் மூச்சு'ன்னாளாம். அப்புறம் வானொலியில புகழ்ந்தது தெரிஞ்சதும் மனசுல ஒரு முடிவுக்கு வந்துட்டாரு. அவரு சொன்னத அப்படியே எழுதறேன்.

'அந்த அம்மா பேர்ல என் வாசிப்பு போனா விக்கும்னு நீங்க ரெண்டு பேரும் பேசி வெச்சுட்டீங்கன்னு நெனச்சேன். கேட்டிருந்தா சரின்னு சொல்லியிருப்பேன் தம்பி. கேக்கலையே.'

இல்லண்ணே, தப்பு நடந்திருக்குனு சொன்னேன். தலைய ஆட்டினாரு. நம்பின தலையாட்டல் இல்ல அது.

நேரா ரூமுக்கு வந்து முதல் தடவையா அந்தத் தட்டுல ஊசிய வெச்சேன். முதல் மூச்சுலயே தெரிஞ்சுது. ஒவ்வொரு வரி முடிவுலயும் வலது காலால பிரேக் போடுறாரு. மாமாகிட்ட சொல்லிடு, நம்ம குடும்பத்துல காது இருக்குறது அவருக்கு மட்டும்தான்.

இப்ப என் பங்கச் சொல்லிடறேன். நவம்பர்ல நீ ஃபோன வெச்சப்பறம் பத்து நாள் யோசிச்சேன். நீ சொன்னதுதான் சரின்னு பட்டுது. ஹாரன் அண்ணன முதல் பக்கம் வெச்சுத்தான் ஆலைக்கு அனுப்பினேன். உங்கிட்ட சொல்லல. சொன்னா, நான் அப்பவே சொன்னேனேன்னு ஒரு வார்த்தை வரும். அதக் கேக்க எனக்குத் தெம்பு இல்ல. நான் அனுப்பின பழைய பதிவக் கேட்டிருப்ப, தட்டப் போட்டதுமே அண்ணன் எந்தப் பக்கம்னு தெரிஞ்சு லேபிள் எழுதிடுவனு நம்பினேன்.

தட்டு வந்து பெட்டியப் பிரிச்சப்போ லேபிள்ல விருந்தாளி அம்மா முதல் பக்கத்துல இருந்தாங்க. நீ மனசு மாறி, ஆலைக்கும் சொல்லி பக்கத்தையே திருப்பிட்டன்னு நெனச்சேன். நீ எதையும் அரைகுறையா செய்ய மாட்டியே. ஒரு தடவை போட்டுப் பாத்திருக்கலாம். போடல. நீ எனக்காக எறங்கி வந்தத நான் சோதிச்சுப் பாக்குற மாதிரி ஆயிடும்னு இருந்துட்டேன்.

லேபிள்ல எப்படி மாறிச்சு? அச்சகத்துலயா? எழுது.

தம்பி


ஏப்ரல் 20

தம்பி,

அச்சகத்தில் ஒன்றும் மாறவில்லை. நான் எழுதி அனுப்பியதைத்தான் அவர்கள் அடித்தார்கள். முதல் பக்கம் விருந்தாளி, இரண்டாம் பக்கம் ஹாரன். அதன் நகல் என் மேஜையில் இருக்கிறது, பிப்ரவரி 17 என்று தேதியும் இருக்கிறது.

நீ முடிவு பண்ணியாச்சு என்று எழுதினாய். உன் முடிவு என்றால் அது நீ நவம்பரில் சொன்ன முடிவாகத்தான் இருக்கும் என்று எடுத்துக்கொண்டேன். நீ மாறக்கூடும் என்று எனக்குத் தோன்றவே இல்லை. ஒரு வாரம் உன்மேல் கோபமாக இருந்துவிட்டு, தும்மல் பற்றிச் சொன்னதற்கு இதுவே ஈடாக இருக்கட்டும் என்று விருந்தாளியை முதலில் எழுதினேன். உன்னிடம் சொல்லவில்லை. சொன்னால் உனக்கு ஒரு சிரிப்பு வரும், அது எனக்குத் தெரியும்.

ஆக, இருவரும் விட்டுக்கொடுத்திருக்கிறோம். இருவரும் வாயைத் திறக்கவில்லை. அடி அந்த மனிதர் தலையில் விழுந்திருக்கிறது.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். இதை எழுதுவதற்காக இரண்டு நாள் கடிதத்தைத் தள்ளிப்போட்டேன். ஹாரனுக்காக நான் உன்னோடு நான்கு மாதம் சண்டை போட்டேன். அவர் வாசித்து நான் கேட்டதே இல்லை. நீ அனுப்பிய பழைய பதிவு ஒன்று இருக்கிறது, அதைத் திறக்கவில்லை. நம் ஊர்க்காரர், பஸ் ஓட்டுகிறார், பின்பக்கம் தள்ளப் பார்க்கிறார்கள் என்பது எனக்குப் போதுமானதாக இருந்தது. பிறகு தட்டைப் போட்டு, நிதானமாக வாசிப்பவர்தான் உழைப்பாளி என்றும் துணிச்சலாக வாசிப்பவர்தான் வெளிநாட்டுக்காரர் என்றும் நானே முடிவு கட்டிக்கொண்டேன். பெயர் எழுதாமல் தீர்ப்பு எழுதியதால் நியாயமாக நடந்துகொண்டதாக ஒரு பெருமை வேறு. அந்த வானொலிக்காரரைப் பற்றிப் போன கடிதத்தில் நான் எழுதியதைத் திருப்பி எனக்கே அனுப்பினாலும் தகும்.

இனி செய்ய வேண்டியது. மிச்சம் இருக்கிற நூற்றுப்பத்துத் தட்டின் உறையிலும் கீழே உள்ள சீட்டை ஒட்டு. வாங்கியவர்களுக்கும் வானொலிக்கும் அதையே அனுப்பு. விருந்தாளிக்கு நான் தனியாக எழுதிவிட்டேன்.

'இந்தத் தட்டின் லேபிளில் பெயர்கள் இடம் மாறியுள்ளன. முதல் பக்கம் வாசித்தவர் ஹாரன். இரண்டாம் பக்கம் வாசித்தவர் விருந்தினர். பிழை வெளியீட்டாளர்கள் இருவருடையது. கலைஞர்கள் இருவருக்கும் இது தெரிவிக்கப்படாமல் நடந்தது.'

ஹாரனுக்குச் சீட்டு மட்டும் போதாது. பிப்ரவரியிலிருந்து நான் உனக்கு எழுதிய கடிதங்கள் எல்லாவற்றையும், இதையும் சேர்த்து, அவரிடம் கொடுத்துப் படிக்கச் சொல். உன் கடிதங்களையும் கொடு, அவற்றின் நகல்கள் உன்னிடம் இல்லாவிட்டால் என்னிடம் உள்ளதை அனுப்புகிறேன். நீ மழுப்புவாய் என்பதற்காகச் சொல்கிறேன், முதல் பக்கத்தைப் பற்றி நான் எழுதியதை மறைக்காதே. அவர் படித்துவிட்டு என்ன சொன்னாலும் எனக்கு அப்படியே எழுது.

அக்கா


மே 3

அக்கா,

சீட்டு ஒட்டியாச்சு. நூத்தியொம்பதுதான் இருந்தது, ஒண்ண நான் எடுத்து வெச்சுட்டேன், அதுல ஒட்டல.

விருந்தாளி அம்மா உனக்கு எழுதியிருப்பாங்க. எனக்கு ரெண்டே வரி. தப்புனு கேட்ட உடனே தெரிஞ்சதாம், நாங்க சொல்லுவோம்னு காத்திருந்தாங்களாம். வானொலிக்கு அவங்களே ஃபோன் பண்ணி, புதுசா மூச்சு வந்தது எனக்கு இல்ல, ஆர்வத்துடன் முயன்றது நான்தான்னு சொல்லிட்டாங்களாம். அந்த அறிவிப்பாளர் என்ன பண்ணியிருப்பாருன்னு நெனச்சா எனக்கே பாவமா இருந்தது.

கடிதங்கள எல்லாம் தேதிப்படி அடுக்கி ஷெட்டுக்குக் கொண்டு போனேன். பஸ் படியில உக்காந்து படிச்சாரு. நான் டயரப் பாத்துக்கிட்டு நின்னேன். நடுவுல ஒரு தடவை சிரிச்சாரு, எந்த எடம்னு எனக்குத் தெரியல. முடிச்சதும், ரெண்டு பேரும் ஒரே சமயத்துல விட்டுக்குடுத்தீங்களானு கேட்டாரு. ஆமாண்ணே, எங்க வீட்டுல இதுக்கு முன்னாடி நடந்ததில்லன்னேன். யாராவது வந்து சொல்லியிருந்தா நம்பியிருக்க மாட்டாராம். உன் சீட்டுதான் நம்ப வெச்சுதாம். ஏமாத்தணும்னு நெனக்கிறவங்க இவ்வளவு தப்பாப் பாராட்ட மாட்டாங்கன்னாரு.

நான் சாவிய எடுத்து நீட்டினேன். வாங்கல.

பிப்ரவரி 17 கடிதத்த மட்டும் தனியா எடுத்து வெச்சுக்கிட்டாரு. முதல் பக்கம்னு நீ எழுதின அந்த நாலு வரிய வெரல வெச்சு மறுபடியும் படிச்சாரு. நான் அவசரமா, அக்கா அப்படித்தான்ணே, யாரையும் ஒரேயடியா நல்லா இருக்குனு சொல்ல மாட்டானு ஆரம்பிச்சேன். கையக் காட்டி நிறுத்திட்டாரு.

'வாசிக்கிறப்போ எல்லாரும், பஸ் ஓட்டுறவரு இவ்வளவு வாசிக்கிறாரேம்பாங்க. நான் யாருன்னு தெரியாம என் வாசிப்பப் பத்தி எழுதினது இது ஒண்ணுதான் தம்பி. காட்டிக்கொள்கிற துணிச்சல்னு எழுதியிருக்காங்களே, அது எந்த எடம்னு உங்க அக்காவ வந்து சொல்லச் சொல்லுங்க. எனக்கும் ஒரு எடத்துல சந்தேகம் இருந்தது. ரெண்டும் ஒரே எடமானு பாக்கணும்.'

அவ்வளவுதான். ஜூன் பத்திப் பேசல. அந்தக் கடிதத்தத் திருப்பிக் குடுக்கவும் இல்ல.

மூணு வருஷமா நீ இந்த மாடிக்கு வரல. கூப்பிடறது நான் இல்ல, அவரு.

தம்பி


மே 7

தம்பி,

வருகிற ஞாயிறு காலை வண்டியில் வருகிறேன், பத்து மணிக்குக் கடைக்கு முன்னால் இருப்பேன். எனக்கு நாற்காலி போட வேண்டாம், படிக்கட்டே போதும். சாவியை மறுபடியும் கண்ணாடிக்கடையிலேயே கொடுத்து வை. அவர் எடுத்துக்கொண்டு வந்தால் வரட்டும், நீ எடுத்து நீட்டாதே.

முதல் பக்கத்தை இந்த வாரம் ஆறு முறை கேட்டேன், இப்போது யார் வாசிக்கிறார் என்று தெரிந்து. தெரிந்ததும் எல்லாமே நன்றாக இருப்பதாகத் தோன்றுகிறது. அதனால் என் இப்போதைய காதை நம்பவில்லை. பிப்ரவரியில் கேட்டபோது ஒரு தாளில் குறித்துவைத்த நிமிடக் கணக்கைத் தேடி எடுத்தேன். பதினோராவது நிமிடம், உயரமான சுரத்தில் நின்றுவிட்டு இறங்காமல் இன்னொரு முறையும் ஏறுகிறார். முதல் ஏற்றம் இசைக்கு, இரண்டாவது நமக்கு. அவரிடம் சொல்லிவிடாதே. அவர் தன் இடத்தை முதலில் சொல்லட்டும், பிறகு நான் தாளை நீட்டுகிறேன். இந்த ஒரு முறையாவது விதிப்படி நடக்கட்டும்.

மாமாவும் வருவதாகச் சொல்கிறார். பிரேக்கைக் கண்டுபிடித்தது தான்தானே என்று ஒரு வாரமாகப் பெருமையடிக்கிறார், வீட்டில் நடக்கவே இடமில்லை.

அடுத்த தட்டுக்கு லேபிள் எழுத்தை அச்சகத்துக்கு அனுப்பும் முன் உனக்குக் காட்டுவேன். நீயும் உன் வரிசையை எனக்குக் காட்டு. இனி எனக்கு ஏதாவது விட்டுக்கொடுப்பதாக இருந்தால் அதை எழுதித் தெரிவி. நான் சிரிக்க மாட்டேன். நீயும் சிரிக்காமல் இருந்தால் நானும் எழுதுகிறேன்.

அக்கா